எடுவார்டோ கூட்டின்யோவின் ஆவணப்படங்கள்: எதில் தொடங்கலாம்?

சுருள்16:

வணக்கம். பிரேசில் ஆவணப்பட இயக்குநர் எடுவார்டோ கூட்டின்யோ பற்றி இங்கே யாருக்காவது நன்றாகத் தெரியுமா?

போன வாரம்தான் அவருடைய 'எடிஃபீசியோ மாஸ்டர்' பார்த்தேன். 2002இல் வந்த படம். ரியோ டி ஜெனிரோவின் கோபகபானாவில் கடற்கரைக்கு ஒரு தெரு தள்ளி ஒரு பழைய அடுக்குமாடி. 12 மாடி, 276 ஒற்றை அறை வீடுகள், ஏறக்குறைய 500 பேர். படக்குழு அங்கேயே ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்துத் தங்கி, ஒரு வாரம் படம் பிடித்திருக்கிறது. கதவு திறக்கிறது, ஒருவர் உட்கார்ந்து பேசுகிறார், அடுத்த கதவு திறக்கிறது. அவ்வளவுதான் படம். ஆனால் எழுந்து போக மனசு வரவில்லை. ஒரு முதியவர், ஒரு காலத்தில் அமெரிக்காவில் இருந்தவர், இசைத்தட்டைப் போட்டு அதோடு சேர்ந்து அமெரிக்கப் பாடகர் சினாட்ராவின் பாட்டை முழுத் தொண்டையில் பாடுகிறார். பாடும்போது அவர் கையை வீசும் விதம் இன்னும் கண்ணிலேயே நிற்கிறது.

என் குழப்பம் இதுதான். இவரைச் சமூகப் பிரச்சினைகளை எடுத்தவர் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். இந்தப் படத்தில் 'பிரச்சினை' என்று யாருமே எதையும் பேசவில்லையே? பின்னணிக் குரல் சில வரிகளோடு முடிகிறது. புள்ளிவிவரம் இல்லை, நிபுணர் இல்லை. அப்படியென்றால் இவர் எங்கிருந்து கிளம்பி இங்கே வந்தார்? அடுத்து எதைப் பார்க்க வேண்டும்?

இன்னொரு சொந்தக் காரணமும் உண்டு. நானும் ஒரு சிறு ஆவணப்படத்தின் எடிட்டிங்கில் இருக்கிறேன். என் குரல், என் கேள்விகள் எல்லாவற்றையும் வெட்டிவிட்டால் படம் சுத்தமாக இருக்கும் என்று நண்பர்கள் சொல்கிறார்கள். வெட்டலாமா?

---

பூங்கொடி_வரிகள்:

தம்பி, நல்ல இடத்தில் மாட்டியிருக்கிறீர்கள். நான் சில ஆண்டுகளாகப் போர்த்துகீசியப் படங்களுக்குத் தமிழ் சப்டைட்டில் எழுதி வருகிறேன். திரைப்படச் சங்கத் திரையிடல்களுக்காகக் கூட்டின்யோவின் படங்கள் சிலவற்றுக்கு எழுதியிருக்கிறேன். ஒரு வரிக்காக ஒரே காட்சியை முப்பது தடவை ஓட்டிப் பார்க்கிறவள் என்பதால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில், அவர் எங்கிருந்து வந்தார் என்பது. 1933இல் சாவ் பாவ்லோவில் பிறந்தவர். சட்டம் படிக்கப் போய்ப் பாதியில் விட்டார். தொலைக்காட்சி வினாடிவினா ஒன்றில் சாப்ளினைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லி வென்ற பரிசுப் பணம்தான் அவரை ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனது. பாரிஸில் சினிமா படித்துத் திரும்பியபோது பிரேசிலில் மாணவர் சங்கமும் விவசாயிகள் சங்கங்களும் கொதித்துக்கொண்டிருந்த காலம். மாணவர் சங்கத்தின் கலைக்குழுவோடு நாட்டைச் சுற்றிக்கொண்டிருந்தார். 1962 ஏப்ரல் 2 அன்று வடகிழக்கே பரைபா மாநிலத்தில் சப்பே ஊர் விவசாயிகள் சங்கத் தலைவர் ஜுவாவ் பெத்ரோ தெய்ஷெய்ரா சுட்டுக் கொல்லப்பட்டார். சில நாள் கழித்து அங்கே நடந்த கண்டனக் கூட்டத்தில் அவருடைய மனைவி எலிசபெத்தைக் கூட்டின்யோ பார்க்கிறார். கறுப்பு உடையில் அந்த அம்மா, சுற்றிலும் பிள்ளைகள். அவருக்கு 11 பிள்ளைகள்.

அந்தக் கொலையைக் கதைப்படமாக எடுப்பது என்று முடிவாயிற்று. எலிசபெத் எலிசபெத்தாகவே நடிப்பார், மற்ற எல்லோரும் விவசாயிகள். சப்பேயில் கலவரம் மூண்டதால் படப்பிடிப்பைப் பக்கத்து மாநிலமான பெர்னம்புகோவில் கலிலேயா என்ற பண்ணைக்கு மாற்றினார்கள். விவசாயிகள் சங்கங்கள் 1955இல் முளைத்ததே அந்த மண்ணில்தான். 1964 பிப்ரவரி கடைசியில் தொடங்கி 35 நாள் எடுத்திருக்கிறார்கள். அதற்குள் ராணுவம் ஆட்சியைப் பிடித்துவிட்டது. சிப்பாய்கள் வந்து கேமராவையும் கருவிகளையும் அள்ளிக்கொண்டு போனார்கள், விவசாயிகள் சிலரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். எடுத்த சுருள்களில் பெரும்பகுதி கழுவுவதற்காக ஏற்கெனவே ரியோவுக்குப் போயிருந்ததால் தப்பியது.

பதினேழு வருஷம் கழித்து, 1981இல், அந்தச் சுருளைத் தூக்கிக்கொண்டு கூட்டின்யோ கலிலேயாவுக்குத் திரும்பிப் போகிறார். திரை கட்டி, புரொஜெக்டர் வைத்து, நடித்தவர்களுக்கே போட்டுக் காட்டுகிறார். இருட்டில் தலைகள் மட்டும் தெரிகின்றன. திரையில் தன் இளவயது முகத்தைப் பார்த்து ஒருவர் இன்னொருவரை இடித்துக் காட்டுகிறார். 64இல் படக்குழு ஓடும்போது விட்டுப்போன ஒரு நாவலை ஒரு விவசாயி அத்தனை வருஷமும் பத்திரமாக வைத்திருந்து எடுத்துக் காட்டுகிறார். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும்.

அப்புறம் எலிசபெத்தைத் தேடிப் போகிறார்கள். அவர் வேறொரு மாநிலத்தில், ரியோ கிராந்தே தோ நோர்தேயின் சாவ் ரஃபாயெல் என்ற சிற்றூரில், மார்த்தா என்ற பெயரில் ஒளிந்து வாழ்ந்துகொண்டிருந்தார். ஒரே ஒரு மகன் மட்டும் கூட. துணி துவைத்து, அக்கம்பக்கத்துக் குழந்தைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்துப் பிழைப்பு. தெருவில் யாருக்கும் அவர் யார் என்று தெரியாது. கேமரா போன பிறகுதான் தெரிந்தது. (அந்தப் பழைய சாவ் ரஃபாயெலே இப்போது இல்லை. அணை கட்டியபோது ஊர் தண்ணீருக்குள் போய்விட்டது.) இதெல்லாம் சேர்ந்து 1984இல் வந்த படம் 'காப்ரா மார்க்காதோ பாரா மொர்ரேர்'. 'சாகக் குறித்துவைக்கப்பட்டவன்' என்று நான் தமிழில் வைத்தேன்.

தொடங்குவதானால் இதில்தான் தொடங்க வேண்டும். காரணம் இருக்கிறது. கொல்லப்பட்ட தலைவராக 64இல் நடித்த விவசாயி ஒருவர் 81இல் வாய் திறந்து பேச ஆரம்பிக்கிறார். அவர் இப்போது மதத்தில் ஆழ்ந்தவர், பழைய அரசியல் எதுவும் வேண்டாம் என்று ஒதுங்கியவர். அவர் மெல்ல மனம் திறக்கும் நேரத்தில் ஒலிப்பதிவில் ஏதோ கோளாறு என்று குழு அவரை நிறுத்துகிறது. சரி செய்துவிட்டு, 'சொல்லுங்கள்' என்கிறார்கள். அவர் சொல்லவில்லை. பார்வையைத் திருப்பிக்கொள்கிறார். ஓர் இயக்குநருக்கு இதைவிடப் பெரிய இழப்பு என்ன இருக்கிறது? வேறு யாராக இருந்தாலும் அதை வெட்டித் தூரப் போட்டிருப்பார்கள். கூட்டின்யோ அந்த மௌனத்தை அப்படியே படத்தில் வைத்தார். நாம் கேட்டதும் பேச அந்த மனிதர் கடன்பட்டவரில்லை என்பது அந்த ஒரு நிமிடத்தில் தெரிகிறது.

இரண்டாவது, 1990களின் தொடக்கத்தில் எடுத்த 'போக்கா தெ லிஷோ'. ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. ரியோவுக்கு அருகே சாவ் கொன்சாலோவில் ஒரு குப்பைமேடு. லாரி கொட்டக் கொட்ட ஆட்கள் ஓடிவந்து பொறுக்குகிறார்கள். கேமராவைக் கண்டதும் துணியால் முகத்தை மூடிக்கொள்கிறார்கள். ஒரு பையன் நேராக வந்து கேட்கிறான்: இதை எங்கள் முகத்துக்கு நேரே நீட்டிக்கொண்டிருக்கிறீர்களே, இதில் உங்களுக்கு என்ன கிடைக்கிறது?

'இதை' என்ற இடத்தில் அவன் சொல்லும் சொல் 'நெகோசியோ'. போர்த்துகீசியத்தில் அதற்கு வியாபாரம் என்றும் பொருள், பெயர் சொல்ல விருப்பமில்லாத ஏதோ ஒரு சாமானையும் அப்படித்தான் சொல்வார்கள். அவன் கேமராவைச் சாமான் என்கிறானா, நீங்கள் செய்வது வியாபாரம் என்கிறானா? அந்த ஒரு வரியில் நான் இரண்டு நாள் உட்கார்ந்திருந்தேன். கடைசியில் 'இந்தச் சமாச்சாரத்தை' என்று எழுதினேன். இன்னும் திருப்தி இல்லை.

உங்கள் கேள்விக்கான விடை அந்தப் பையனிடம் இருக்கிறது. கூட்டின்யோ தன் பதிலையும் படத்தில் வைத்திருக்கிறார். உங்கள் வாழ்க்கை எப்படி இருக்கிறது என்று மற்றவர்கள் பார்க்கத்தான் என்கிறார். பலவீனமான பதில்தான். அதைச் சொல்லிவிட்டு நிற்காமல், எடுத்த காட்சிகளிலிருந்து முகங்களைத் தாளில் அச்சடித்து எடுத்துக்கொண்டு திரும்பவும் மேட்டுக்குப் போகிறார். இது யார், இவர் எங்கே இருக்கிறார் என்று கேட்டுக் கேட்டு அவர்கள் வீடுகளுக்குப் போகிறார். மூடியிருந்த முகங்களுக்குப் பெயர் வருகிறது, சமையலறை வருகிறது, பாடகியாக ஆசைப்படும் மகள் வருகிறாள். இன்னொரு வீட்டில் போய்ப் பணிப்பெண்ணாக நிற்பதற்கு இந்த மேடே மேல் என்று ஒரு பெண் சொல்கிறார். கடைசியில் தொலைக்காட்சிப் பெட்டியைக் குப்பைமேட்டுக்கே கொண்டுபோய், எடுத்ததை அவர்களுக்குப் போட்டுக் காட்டுகிறார்.

தம்பி, உங்கள் குரலை வெட்டாதீர்கள். முக்கியமாக, உங்களைத் திருப்பிக் கேட்டவர்களை வெட்டாதீர்கள். நான் ஒருமுறை வெட்டினேன். பல வருஷம் முன்னால் எடுத்த ஒரு குறும்படத்தில், ஒரு வயதான அம்மா பேசி முடித்ததும், 'சரி, இதை வைத்து நீ என்ன பண்ணப் போகிறாய்?' என்று கேட்டார். எனக்குப் பதில் இல்லை. அந்தக் கேள்வியை எடுத்துவிட்டுத்தான் படத்தை முடித்தேன். அந்த அம்மா இப்போது இல்லை. மூலப் பதிவும் இல்லை. அந்தப் பையனின் வரியை மொழிபெயர்க்கும்போது எனக்கு அந்த அம்மாவின் முகம்தான் வந்தது.

---

தெற்குவாசல்:

பூங்கொடி அவர்களின் பதில் அருமை. ஆனாலும் ஒரு மாற்றுக் கருத்தைச் சொல்லியாக வேண்டும்.

'காப்ரா' ஒரு மாபெரும் படம், அதில் மறுபேச்சு இல்லை. ஆனால் அதற்குப் பிறகு வந்தவற்றைப் பாருங்கள். 1999இல் வந்த 'சாந்தோ ஃபோர்த்தே'யில் ரியோவின் ஏழை மக்கள் நெருக்கியடித்து வாழும் ஃபவேலா ஒன்றில் போய் ஆவிகள், தெய்வங்கள் பற்றிக் கேட்கிறார். அங்கே சாக்கடை இல்லாததைப் பற்றியோ போலீஸ் பற்றியோ கேட்கவில்லை. 2007இல் வந்த 'ஜோகோ தெ சேனா'வில் ஒரு நாடக அரங்க நாற்காலியில் பெண்களை உட்காரவைத்துக் கதை கேட்கிறார். அதே கதைகளை நடிகைகளும் சொல்கிறார்கள், எது யாருடையது என்று நாம் தடுமாறுகிறோம். கடைசிக் காலத்தில் பாட்டு. நிலம் கேட்டு உயிரை விட்டவரின் கதையில் தொடங்கியவர் இப்படி நாற்காலிக்கு வந்து சேர்ந்தது எனக்கு ஏமாற்றம்தான். ஆள் ஆளாகப் பேசவைத்தால் அமைப்பு எங்கே தெரியும்? நில உடைமை, கூலி, ராணுவ ஆட்சி விட்டுப்போன தழும்பு, இதையெல்லாம் ஒரு தனிமனிதர் சோபாவில் உட்கார்ந்து சொல்லிவிட முடியுமா? சமூகப் பிரச்சினை என்ற சொல்லை இவருக்குப் பயன்படுத்தும்போது கொஞ்சம் யோசிக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

---

சுருள்16:

அக்கா, மிக்க நன்றி. இரண்டு படங்களையும் தேடிப் பிடித்துவிட்டேன். 'போக்கா தெ லிஷோ'வை நேற்றிரவே பார்த்தேன். அந்தப் பையன் கேட்ட இடத்தில் நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். என் படத்திலும் அப்படி ஓர் இடம் இருக்கிறது. ஒருவர் பேச்சை நிறுத்தி 'உனக்கு இதெல்லாம் புரியுமா?' என்று கேட்கிறார்.

தெற்குவாசல் அண்ணா சொல்வதும் மனசில் தைக்கிறது. அக்கா இதற்கு என்ன சொல்வீர்கள்?

---

பூங்கொடி_வரிகள்:

தெற்குவாசல் கேட்டது நியாயமான கேள்வி. நானும் அதைச் சுமந்துகொண்டுதான் இருக்கிறேன். ஆனால் எனக்கு உடன்பாடில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

கூட்டின்யோ 1970களின் நடுவிலிருந்து சுமார் ஒன்பது வருஷம் தொலைக்காட்சி ஆவண நிகழ்ச்சிக்கு வேலை செய்தார். தணிக்கைக் காலம். அங்கே இருந்துகொண்டே வறட்சி பற்றி 'ஒரிகூரியில் ஆறு நாள்' எடுத்தார். அதில் ஒரு மனிதர், பஞ்சத்தில் தாங்கள் தின்ற கிழங்குகளையும் வேர்களையும் ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து, பெயர் சொல்லி, எப்படிச் சமைத்தோம் என்று விளக்குகிறார். மூன்று நிமிடத்துக்கு மேல் ஒரே ஷாட், வெட்டே இல்லை. தொலைக்காட்சியில் மூன்று நிமிடம் என்பது எவ்வளவு நீளம் என்று எடிட்டிங் தெரிந்த உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. வறட்சி நிவாரணம், அரசின் அலட்சியம் என்று ஒரு சொல் கிடையாது. அந்த வேர்களைப் பார்த்த பிறகு அந்தச் சொற்கள் எனக்குத் தேவைப்படவில்லை. அதே காலத்தில் ஒரு பெருநிலக்கிழாரையும் எடுத்தார். பின்னணிக் குரல் வைத்து அவரைத் திட்டாமல், அவரையே பேசவிட்டார். அவர் தன் பண்ணையாட்களைத் தானே நிறுத்திவைத்துக் கேள்வி கேட்கிறார். அந்த ஆட்கள் பதில் சொல்லும் தொனியில் நில உடைமை என்னவென்று தெரிகிறதே, அதைவிடத் தெளிவாக எந்த வரைபடம் காட்டும்?

'சாந்தோ ஃபோர்த்தே'யில் ஆவிகளைப் பற்றிக் கேட்டார், சரி. ஃபவேலாவுக்குள் போகும் கேமரா எல்லாமே துப்பாக்கியையும் சாக்கடையையும் தேடிப் போன காலம் அது. அந்த மக்களிடம் உங்கள் சாமி எது, யார் வந்து உங்களோடு பேசுகிறார்கள் என்று கேட்கிறவராக அவர் போனார். ஒரு மூதாட்டி தன் முற்பிறவியைப் பற்றிச் சொல்கிறார். ஆவி வந்து நின்ற இடம் என்று அவர்கள் காட்டும் மூலையை, யாரும் இல்லாத வெறும் மூலையை, கேமரா கொஞ்ச நேரம் சும்மா பார்க்கிறது. பேசியவர்களுக்குப் பணம் கொடுப்பதையும் அந்தப் படத்தில் மறைக்கவில்லை.

1999 டிசம்பர் 31 அன்று இன்னொரு குன்றில் எடுத்த 'பாபிலோனியா 2000'இல் ஒரு பெண் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருக்கிறார். கேமராவைப் பார்த்ததும் வேறு துணி மாற்றிக்கொள்ளவா என்று யோசித்துவிட்டு, ஓ, உங்களுக்கு ஏழ்மைதானே வேண்டும் என்கிறார். அவர் அறிந்துதான் சொல்கிறார். ஃபவேலாவைப் படம்பிடிப்பவர்களைப் பற்றி ஒரு முழுக் கட்டுரை அந்த ஒற்றை வரியில் இருக்கிறது. அதுவும் வெட்டப்படவில்லை.

இனி 2004இல் வந்த 'பியோய்ன்ஸ்'. சாவ் பாவ்லோவை அடுத்த தொழிற்பேட்டைகளில் 1979லும் 80லும் நடந்த உலோகத் தொழிலாளர் வேலைநிறுத்தங்களில் இருந்தவர்கள். தொழிற்சங்கத் தலைவர் லூலாவை நாடறியச் செய்த வேலைநிறுத்தங்கள் அவை. 2002இல் லூலா ஜனாதிபதித் தேர்தலில் நிற்கும் நேரத்தில், அந்தக் கூட்டத்தில் இருந்த பெயர் தெரியாதவர்களைப் பழைய புகைப்படங்களிலிருந்து கண்டுபிடித்துப் போய்ப் பேசுகிறார். தலைவர் மேடையில் இருக்கிறார். இவர் போனது கீழே நின்றவர்களின் வீட்டுக்கு.

அந்தப் பெயரைக் கவனியுங்கள். 'பியாவ்ன்' என்றால் கூலியாள், அடிமட்டத் தொழிலாளி. நாம் அலுவலகத்தில் சொல்லும் 'பியூன்' அந்தப் போர்த்துகீசியச் சொல்லிலிருந்து ஆங்கிலம் வழியாக வந்ததுதான். ஜன்னலும் சாவியும் அலமாரியும் நேரே போர்த்துகீசியத்திலிருந்து வந்தவை. 'எடிஃபீசியோ மாஸ்டர்' மாதிரி ஒரு வீட்டுப் படத்துக்குச் சப்டைட்டில் எழுதும்போது 'ஷாவி', 'ஜனேலா' என்று காதில் விழுந்துகொண்டே இருக்கும். அது ஒரு சந்தோஷம். ஆனால் இந்தப் படத்தில் 'பியூன்' என்று எழுத முடியாது. நம்மிடம் அந்தச் சொல் கோப்பு தூக்குகிறவராகச் சுருங்கிவிட்டது. 'கூலியாள்' என்று எழுதினேன்.

கடைசியாகப் பேசுகிறவர் ஒரு தொழிலாளி. கூட்டின்யோ அவரிடம் பியாவ்ன் என்றால் யார் என்று கேட்கிறார். ஆலை உடுப்பைப் போடுகிறவன், வருகை அட்டையில் நேரம் குத்துகிறவன் என்று அவர் சொல்கிறார். தன் பிள்ளைகளுக்கு இந்த வாழ்க்கை வேண்டாம் என்கிறார். பிறகு பேச்சு நின்றுவிடுகிறது. நீண்ட மௌனம். அவர் தலை தூக்கிக் கூட்டின்யோவைப் பார்த்துக் கேட்கிறார்: நீங்கள் எப்போதாவது கூலியாளாக இருந்திருக்கிறீர்களா?

'இல்லை' என்று திரைக்கு வெளியிலிருந்து குரல் வருகிறது. படம் அங்கே முடிகிறது.

தெற்குவாசல், நீங்கள் கேட்ட அமைப்பு எனக்கு இந்த இடத்தில் தெரிகிறது. கேட்கிறவர் யார், பதில் சொல்கிறவர் யார், இருவருக்கும் நடுவே எவ்வளவு தூரம் என்பது தெரிகிறது. அந்தத் தூரத்தைக் கடந்துவிட்டதாகப் பாவனை செய்யாத ஒரே காரணத்துக்காகவே அவரைச் சமூகப் பிரச்சினைகளை எடுத்தவர் என்று சொல்வேன்.

கூட்டின்யோ 2014 பிப்ரவரி 2 அன்று ரியோவில் தன் வீட்டில் கொல்லப்பட்டார். வயது 80. அப்போது அரசுப் பள்ளி மாணவர்களோடு பேசி எடுத்த படம் எடிட்டிங் மேசையில் இருந்தது. பல படங்களில் அவரோடு உட்கார்ந்த எடிட்டர் ஜோர்தானா பெர்க் அதைத் தொகுத்தார், இயக்குநர் ஜுவாவ் மொரெய்ரா சாலெஸ் முடித்துக்கொடுத்தார். 2015இல் வந்தது. அதில் கடைசியாக வருவது ஒரு சின்னப் பெண் குழந்தை. கடவுள் யார் என்று கூட்டின்யோ கேட்கிறார். செத்துப்போன மனிதர் என்கிறது குழந்தை. அவர் குரலில் வரும் மகிழ்ச்சியைக் கேளுங்கள்.

சுருள்16, 'காப்ரா'வைப் பார்க்கும்போது கடைசிப் பகுதியைத் தவறவிடாதீர்கள். முதல் பேட்டியில் எலிசபெத் அம்மா மகன் பக்கத்தில் இருக்க, பார்த்துப் பார்த்துப் பேசுகிறார். அரசியல் காரணங்களுக்காகத் தேடப்பட்டவர்களுக்குப் பொதுமன்னிப்பு தந்த ஜனாதிபதிக்கு நன்றிகூடச் சொல்கிறார். நாள் போகப் போகத்தான் அவர் முகம் மாறுகிறது. குழு விடைபெற்றுக் காரில் ஏறிவிட்டது. அவர் காரின் பக்கத்தில் நின்று, போக விடாமல் பேசிக்கொண்டே இருக்கிறார். போராட்டம் நிற்காது, 64இல் இருந்த அதே தேவை இப்போதும் இருக்கிறது, பசியும் அரைவயிற்றுக் கூலியும் இருக்கிறவரை என்று கையை ஆட்டி ஆட்டிச் சொல்கிறார். பதினேழு வருஷம் மார்த்தாவாக இருந்தவர். 2025 பிப்ரவரியில் அவருக்கு நூறு வயது நிறைந்தது.

உங்கள் படத்தில் அந்த மனிதர் 'உனக்கு இதெல்லாம் புரியுமா' என்று கேட்ட பிறகு நீங்கள் என்ன சொன்னீர்கள்? பதிவில் இருக்கிறதா?

---

சுருள்16:

இருக்கிறது அக்கா. 'தெரியவில்லை' என்று சொல்லியிருக்கிறேன். அதற்குப் பிறகு ஆறு வினாடி இரண்டு பேரும் பேசவில்லை, பின்னால் யாரோ குழாயில் தண்ணீர் பிடிக்கும் சத்தம் மட்டும். இன்று காலை அந்த ஆறு வினாடியைத் திரும்ப எடுத்து வைத்துவிட்டேன்.